உறங்காத வித்திகள்: மலையகத் தோட்டங்களின் நோய் வரலாறு

இலங்கையின் மத்திய மலைநாடு கோப்பியிலிருந்து தேயிலைக்கு மாறிய வரலாறு பெரும்பாலும் வங்கிகளின் வீழ்ச்சி, லண்டன் சந்தை விலை, தோட்டத் துரைமாரின் விடாமுயற்சி ஆகியவற்றின் வரலாறாகவே எழுதப்பட்டு வந்திருக்கிறது. அந்த மாற்றத்தைத் தொடக்கிவைத்தது கண்ணுக்குத் தெரியாத ஒரு பங்கசின் வித்தி என்பதை எல்லா நூல்களும் ஒரு வரியில் சொல்லிச் செல்கின்றன. ஆனால் அந்த வித்தி எத்தகையது, எவ்வாறு பிழைத்தது, அதற்கு அத்தனை வலிமை எங்கிருந்து வாய்த்தது என்ற கேள்விகளை வரலாற்றாசிரியர்கள் தாவரவியலாளரிடமும், தாவரவியலாளர்கள் வரலாற்றாசிரியரிடமும் விட்டுவிட்டமையால் அவை இரு தரப்புக்கும் நடுவில் கிடக்கின்றன. வித்தி என்பது ஓர் உயிரணுவிலிருந்து தோன்றித் தனித்து நிற்கவல்ல நுண்ணிய உடல். அதற்கு இயற்கையில் இரு தொழில்கள் உண்டு: ஒன்று பரவுவது, மற்றது பொறுத்திருப்பது. பங்கசுகளின் வித்திகளுள் பல முதல் தொழிலுக்காகவும், பற்றீரியாவின் வித்திகள் அநேகமாக முற்றிலும் இரண்டாவது தொழிலுக்காகவும் அமைந்தவை. மலைநாட்டின் தலைவிதியை இருமுறை அசைத்தவை பொறுத்திருக்கத் தெரியாத, எளிதில் மடியக்கூடிய வித்திகளே என்பதுதான் இந்த வரலாற்றில் கவனிக்கப்படாத செய்தி.

பெருந்தோட்டப் பயிராகக் கோப்பி மலைநாட்டில் வேர்கொண்டது 1820களில். கம்பளைக்கு அருகே ஜோர்ஜ் பேர்டும், பேராதனையை அடுத்த கன்னொருவையில் ஆளுநர் எட்வர்ட் பார்ன்ஸும் இட்ட தோட்டங்களைத் தொடர்ந்து, 1830களின் இறுதியிலிருந்து கண்டி, மாத்தளை, புசல்லாவை மலைச்சரிவுகளில் காடு வெட்டி எரிக்கப்பட்ட வேகம் அதற்கு முன் அத்தீவு கண்டிராதது. 1847இல் விலை சரிந்து பல தோட்டங்கள் கைமாறின என்றாலும் அடுத்த பத்தாண்டில் தொழில் மீண்டும் நிமிர்ந்தது. திருச்சி, புதுக்கோட்டை, மதுரை, சேலம் பகுதிகளிலிருந்து கங்காணிமாரின் கீழ் கடல் கடந்து, மன்னாரிலிருந்து மாத்தளை வரை காட்டு வழியே நடந்து வந்த தொழிலாளர்கள் பழம் பறிக்கும் பருவத்துக்கே பெரும்பாலும் வந்து, அது முடிந்ததும் பலர் ஊர் திரும்பினர். தோட்டங்களுக்கிடையே சிங்களக் கிராமத்தவரின் வீட்டுத் தோட்டங்களிலும் கோப்பி நின்றது; ஏற்றுமதியில் கணிசமான பங்கு அவர்களுடையதாகவே இருந்தது. இதனால் துரையின் தோட்டத்துக்கும் கிராமத்துக்கும் இடையே கோப்பி இல்லாத வெளி என்று சொல்ல அதிகம் எஞ்சவில்லை. எல்லாமே அரபிக்கா என்னும் ஒரே இனம், எல்லாமே பசுமை மாறாத இலை.

1869ஆம் ஆண்டு மே மாதத்தில் ஊவாவின் மடுல்சீமைப் பகுதியில் புதிதாக இடப்பட்ட கோப்பியில், இலைகளின் அடிப்பக்கத்தில் செம்மஞ்சள் நிறத் தூள் படிந்த வட்டப் புள்ளிகள் காணப்பட்டன. புள்ளி விழுந்த இலைகள் உரிய காலத்துக்கு முன்னரே உதிர்ந்தன. பேராதனைத் தாவரவியல் பூங்காவின் பணிப்பாளரான ஜோர்ஜ் துவைட்ஸ் அந்த இலைகளை இங்கிலாந்திலிருந்த மைல்ஸ் ஜோசப் பேர்க்லிக்கு அனுப்பினார். பேர்க்லி சாதாரண ஆய்வாளர் அல்லர். அயர்லாந்தின் உருளைக்கிழங்குப் பஞ்சத்தின்போது, கருகிய இலைகளில் தென்பட்ட பங்கசு நோயின் விளைவன்று, நோயின் காரணமே என்று 1846இலேயே வாதிட்ட மிகச் சிலருள் ஒருவர். இலங்கையிலிருந்து வந்த இலைகளில் அதுவரை அறிவியல் அறியாத ஒரு பங்கசு இருப்பதைக் கண்ட அவர், தம் சக ஆய்வாளர் புரூமுடன் சேர்ந்து, அதற்கு ஹெமிலியா வாஸ்டாட்ரிக்ஸ் என்று பெயரிட்டு அவ்வாண்டு நவம்பரிலேயே தோட்டக்கலை இதழொன்றில் அறிவித்தார். தோட்டத் துரைமார் அப்பெயரை 'நாசகார எமிலி' என்று கேலியாகத் திரித்து வழங்கினர். கேலி நெடுநாள் நீடிக்கவில்லை. மடுல்சீமையில் சில ஏக்கரில் தொடங்கிய நோய் ஐந்தாண்டுக்குள் தீவின் கோப்பி மாவட்டங்கள் எல்லாவற்றிலும் கால்வைத்திருந்தது.

இவ்விடத்தில் பொருளாதாரம் ஒரு விசித்திரமான திரையை விரித்தது. இலைத்துரு மரத்தை உடனே கொல்வதில்லை. இலையை உதிர்த்து, மரத்தின் உணவுத் தயாரிப்பைக் குறைத்து, ஆண்டுக்காண்டு விளைச்சலைத் தேய்க்கும். ஏக்கருக்கு நாலரை அந்தர் அளவில் இருந்த சராசரி விளைச்சல் 1870களின் இறுதியில் இரண்டு அந்தர் அளவுக்கு இறங்கியது. அதே ஆண்டுகளில் உலகச் சந்தையில் கோப்பி விலை ஏறியமையால், குறைந்த விளைச்சலுக்கும் கூடுதல் பணம் வந்தது. வந்த பணத்தைக் கொண்டு துரைமார் மேலும் காடு வெட்டினர். டிம்புள்ள, டிக்கோயா, மஸ்கெலியா ஆகிய உயர்மலைப் பகுதிகள், அதாவது இன்று ஹட்டனைச் சுற்றித் தேயிலைக்குப் பேர்போன நிலங்கள் யாவும், நோய் தோன்றிய பின்னரே பெருமளவில் கோப்பிக்காகத் திறக்கப்பட்டன. 1878 அளவில் கோப்பியின் பரப்பு 2,75,000 ஏக்கரை எட்டி உச்சம் கண்டது. நோயாளியின் உடல் மெலிய மெலிய அவனுக்குப் பெரிய சட்டை தைத்துக் கொண்டிருந்த கதைதான் அது.

குளிரான உயர்மலையில் நோய் தாக்காது என்றும், எருவிட்டால் மரம் தேறிவிடும் என்றும், தானாகவே வந்தது தானாகவே போகும் என்றும் நம்பிக்கைகள் பலவாக இருந்தன. பேராதனையின் உதவிப் பணிப்பாளராக இருந்த டேனியல் மோரிஸ், நோயின் ஒரு பருவம் இலைக்கும் பட்டைக்கும் வெளியே இழைகளாகப் படர்ந்திருக்கிறது என்று கருதி, கந்தகமும் சுண்ணாம்பும் தூவப் பரிந்துரைத்தார். அவர் கண்ட இழைகள் வேறொரு தீங்கற்ற பங்கசினுடையவை என்பது பின்னரே தெரியவந்தது. அரசு நிரந்தர விடை வேண்டி, பூக்காத் தாவரங்களையும் பங்கசுகளையும் ஆராயும் வல்லுநர் ஒருவரை இரண்டாண்டுக்கு அமர்த்தியது. 1880இல் வந்துசேர்ந்த அவர் ஹரி மார்ஷல் வார்ட். அப்போது அவருக்கு வயது இருபத்தைந்து.

வார்டின் ஆய்வுமுறை இன்று படிக்கும்போதும் தெளிவாக இருக்கிறது. செம்மஞ்சள் தூளின் ஒவ்வொரு துகளும் ஒரு வித்தி என்றும், அவ்வித்தி ஈரத்தில் மட்டுமே முளைக்கும் என்றும், முளைக்குழாய் இலையின் அடிப்பக்கத்தில் உள்ள இலைவாய்கள் எனப்படும் நுண்துளைகள் வழியாகவே உள்ளே புகுகிறது என்றும், புகுந்த பின் இலையின் உயிரணுக்களுக்குள் உறிஞ்சிகளை நுழைத்து உணவை எடுக்கிறது என்றும், இரண்டு முதல் நான்கு வாரங்களுக்குள் புதிய புள்ளி தோன்றி மீண்டும் தூளைச் சொரிகிறது என்றும் அவர் படிப்படியாகக் காட்டினார். ஒரே புள்ளியிலிருந்து ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட வித்திகள் உதிரக்கூடும். தோட்டங்களில் கண்ணாடித் தகடுகளைத் தொங்கவிட்டு, அவற்றில் காற்று கொண்டுவந்து சேர்த்த வித்திகளை நுண்நோக்கியில் எண்ணி, நோய் காற்றில் பயணிக்கிறது என்பதை நிறுவினார். வெளியே தூவும் மருந்து, வித்தி முளைத்து உள்ளே புகுவதற்கு முன்னரே இலையில் இருந்தால்தான் பயன் தரும், புகுந்த பின் பயனில்லை என்ற முடிவு இதிலிருந்து தானே பிறந்தது. காப்பு மருந்து என்னும் பிற்காலக் கருத்துக்கு இது ஓர் அடித்தளம். ஆனால் அவருக்குக் கிடைத்த மருந்துகள் மழையில் கழுவுண்டு போயின. செம்பும் சுண்ணாம்பும் கலந்த போர்தோ கலவை பிரான்சில் அறிமுகமானது அவர் இலங்கையை விட்டு நீங்கிச் சில ஆண்டுகள் கழித்து, 1885இல்.

வார்ட் எழுதிய அறிக்கைகளின் கனம் வேறோரிடத்தில் இருக்கிறது. அவர் ஆராய்ந்த வித்தி நெடுங்காலம் உயிர்தாங்கவல்லது அன்று. ஈரம் கிடைத்து முளைத்தபின் உயிருள்ள கோப்பி இலை கிடைக்காவிட்டால் அது மடியும், உலர்ந்து கிடந்தாலும் சில வாரங்களுக்கு மேல் தாங்காது. ஐரோப்பாவின் கோதுமைத் துருவுக்குக் குளிர்காலத்தைக் கடக்கத் தடித்த சுவர் கொண்ட வேறொரு வகை வித்தியும், இடையில் தங்குவதற்கு வேறொரு செடியும் உண்டு. கோப்பித் துருவுக்கு அப்படி இடைத்தங்கல் செடி எதுவும் இன்றுவரை கண்டுபிடிக்கப்படவில்லை. அப்படியானால் அது ஆண்டுக்காண்டு எங்கே பதுங்கியது? எங்கும் பதுங்கவில்லை, பதுங்க அவசியம் இருக்கவில்லை. ஒரு மலையின் இலை உதிர்ந்தால் அடுத்த மலையில் புதிய இலை இருந்தது, துரையின் தோட்டம் வெறிச்சோடினால் கிராமத்தின் கொல்லையில் இலை இருந்தது. மைல் கணக்கில் இடைவெளியின்றி ஒரே பயிரை நட்டதே கொள்ளைநோய்க்கு வழிவிட்டது என்று வார்ட் சுட்டிக்காட்டியதைத் தோட்ட உலகம் விரும்பிக் கேட்கவில்லை. அது கேட்க விரும்பியது ஒரு மருந்தின் பெயரை. மருந்து தராத விஞ்ஞானி 1882இல் கப்பலேறியபோது அவருடைய பணி தோல்வி என்றே பலர் பேசினர்.

அதன்பின் நிகழ்ந்தவை பலமுறை சொல்லப்பட்டவை ஆகையால் இங்கு விரிக்க வேண்டியதில்லை. பிரேசிலின் கோப்பி பெருகி விலை விழுந்தது. கடன் கொடுத்த ஓரியண்டல் வங்கி 1884 மே மாதத்தில் கதவடைத்தது. கைவிடப்பட்ட தோட்டங்களில் தொழிலாளரின் சம்பளம் நிலுவையில் நின்றது, கங்காணியிடம் பட்ட கடன் மட்டும் நிலுவையில் நிற்காமல் அவர்களைத் தொடர்ந்தது. இடையில் சில ஆண்டுகள் சிங்கோனா, அதாவது கொயினா மருந்துக்கான பட்டைமரம், மலைகளை நிரப்பி, விலை சரிந்ததும் பிடுங்கப்பட்டது. 1867இல் லூல்கந்துர தோட்டத்தில் ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரில் நட்ட தேயிலை, 1875இல் தீவு முழுவதிலும் ஏறத்தாழ ஆயிரம் ஏக்கராகவும், 1895 அளவில் மூன்று லட்சம் ஏக்கராகவும் விரிந்தது. புகையிரதம் ஹட்டனை 1884இலும் நானுஓயாவை 1885இலும் அடைந்தது. கோப்பிக்குப் பருவ வேலையாட்கள் போதும். தேயிலைக்கோ ஏழெட்டு நாளுக்கொருமுறை ஆண்டு முழுதும் கொழுந்து பறிக்கும் கைகள் வேண்டும், அதிலும் பெண்களின் கைகள் வேண்டும். ஆகவே தொழிலாளர்கள் குடும்பமாக லயங்களில் தங்கினர். லயம் என்பது ஒரே கூரையின் கீழ் வரிசையாகக் கட்டப்பட்ட ஒற்றை அறைகளின் தொகுதி. ஓர் அறை, தோட்டப் பேச்சில் ஒரு காம்பரா, ஒரு குடும்பத்துக்கு. நிரந்தரமான ஒரு மலையகத் தமிழ்ச் சமூகம் உருவானதற்குப் பின்னால் கோப்பித் துருவின் வித்தியும் இருக்கிறது என்று சொன்னால் அது மிகையாகாது, முழுமையும் ஆகாது.

வார்டின் பிற்கால வாழ்வு இந்த வரலாற்றோடு எதிர்பாராத விதமாக மீண்டும் இணைகிறது. இங்கிலாந்து திரும்பிப் பேராசிரியரான அவர், 1890களில் தேம்ஸ் ஆற்று நீரிலுள்ள பற்றீரியாக்களை அரச கழகத்தின் வேண்டுகோளின் பேரில் ஆராய்ந்தார். அவ்வாய்வின் நடுவே, ஆட்டுக்கும் மாட்டுக்கும் மனிதருக்கும் வரும் அந்திராக்ஸ் எனும் அடைப்பான் நோயின் வித்திகளைக் கூழில் கலந்து தகட்டில் ஊற்றி, அதன்மேல் எழுத்து வடிவில் துளையிட்ட மறைப்பை வைத்துச் சூரிய ஒளியில் காட்டினார். பின்னர் சூடான அறையில் வைத்தபோது, மறைந்திருந்த இடமெல்லாம் பற்றீரியா வளர்ந்து மங்கலாக, ஒளி பட்ட எழுத்து மட்டும் தெளிந்து நின்றது. ஒளியின் நிறங்களைப் பிரித்துப் பார்த்ததில், கொல்வது சூரிய வெப்பமன்று, நீல, ஊதாக் கதிர்களே என்றும் தெரிந்தது. ஒளி பற்றீரியாவைக் கொல்லும் என்பதை டவுன்ஸ், பிளண்ட் இருவரும் 1877இலேயே காட்டியிருந்தனர். ஆனால் மிகக் கடினமான வித்தியும் ஒளிக்கு மடியும் என்பதை இத்தனை எளிமையாகக் கண்முன் நிறுத்தியது வார்டின் தகடு. ஈரமும் மேகமும் சூழ்ந்த மலைகளில் இரண்டாண்டு வித்திகளோடு கழித்தவருக்கு இந்தக் கேள்வி தோன்றியது தற்செயலாக இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம்.

பற்றீரியாவின் வித்தி என்பது துருவின் தூளிலிருந்து எவ்வளவு வேறுபட்டது என்பதை இங்கு விளக்குவது அவசியம். பற்றீரியா என்பது கரு உறையற்ற ஒற்றை உயிரணு: நடுவே சுருண்டு கிடக்கும் மரபணு இழை, அதைச் சூழ்ந்த நீர்த்தன்மையுள்ள முதலுரு, அதன்மேல் மெல்லிய சவ்வு, சவ்வுக்கு மேல் சர்க்கரையும் சிறு புரதத் துண்டுகளும் பின்னிய வலைபோன்ற சுவர். இவற்றுள் சில இனங்கள் மட்டும், உணவு தீரும்போது, தம் உடலைச் சமமற்ற இரு பகுதிகளாகப் பிரித்து, பெரிய பகுதி சிறியதைத் தனக்குள் விழுங்கி, அதைச் சுற்றி உறை மேல் உறையாகக் கட்டி, இறுதியில் தான் சிதைந்து உள்ளிருக்கும் உருண்டையை வெளியே விடுகின்றன. ஓர் உயிரணுவிலிருந்து ஒரு வித்திதான் வருகிறது. ஆகவே இது இனப்பெருக்கம் அன்று, முற்றிலும் தற்காப்பு. அகவித்தி எனப்படும் இந்த உருண்டையின் உள்மையத்தில் நீர் மிகக் குறைவு. அந்த இடத்தை டிபிகோலினிக் அமிலமும் கல்சியமும் சேர்ந்த உப்பு நிரப்புகிறது, அது மட்டுமே உலர்ந்த எடையில் பத்தில் ஒரு பங்கு அளவுக்கு இருக்கும். மரபணு இழையைத் தனி வகைச் சிறு புரதங்கள் போர்த்தியிருக்கின்றன. அதற்கு வெளியே தடித்த புறணி, அதற்கும் வெளியே பல படைகளாலான புரத உறை. உள்ளே உயிர்த்தொழில் ஏதும் நடப்பதாக அளவிட முடிவதில்லை. ஆயினும் ஏற்ற உணவுப் பொருள் உறையைக் கடந்து உட்சவ்வை எட்டினால், சில நிமிடங்களில் உப்பு வெளியேறி, நீர் உட்புகுந்து, உயிரணு மீண்டும் எழுகிறது.

இத்தகைய வித்தியின் வலிமையை உலகம் அறிந்துகொண்டது துரு மடுல்சீமைக்கு வந்து ஏழாண்டு கழித்து. 1876இல் பிரெஸ்லாவில் ஃபெர்டினாண்ட் கோன் வைக்கோல் சாற்றில் வளரும் பற்றீரியாவில், கொதிநீருக்கும் மசியாத வித்திகளைக் கண்டார். அதே ஆண்டில் ரோபர்ட் கோக், அந்திராக்ஸ் பற்றீரியா வித்தியாகி மண்ணில் கிடந்து மீண்டும் கால்நடைக்குள் புகும் சுற்றை முழுமையாக வரைந்தார். அடுத்த ஆண்டு ஜோன் டிண்டால், ஒருமுறை நெடுநேரம் கொதிக்கவைப்பதைவிட, இடைவெளிவிட்டுப் பலமுறை சிறிது நேரம் கொதிக்கவைத்தால் வித்திகள் இடையில் முளைத்து, அடுத்த சூட்டில் மடியும் என்று காட்டினார். ஸ்கொட்லாந்தின் குருனார்ட் தீவில் 1942இல் போர்ச் சோதனைக்காக வெடிக்கப்பட்ட அந்திராக்ஸ் வித்திகள் அத்தீவின் மண்ணை 1986இல் மருந்திட்டுச் சுத்தம் செய்யும்வரை விட்டு நீங்கவில்லை. கோப்பித் துருவின் வித்தியால் இதில் நூற்றில் ஒரு பங்கு காலம்கூடத் தாங்க இயலாது.

உறங்கும் வித்தி மலையகத்தில் இல்லாமல் இல்லை. அது கோப்பி இலையில் இருக்கவில்லை. லயத்து வாசல் மண்ணிலும், மாட்டுக் கொட்டிலிலும், எருக்குழியிலும் இருந்தது. ஏற்புவலி என்று இலங்கைத் தமிழர் வழங்கும் டெட்டனஸ் நோயின் பற்றீரியா, காற்றில்லாத இடத்தில் மட்டுமே வளரும், முரசடிக்கும் கோல்போல ஒரு முனையில் வித்தி தாங்கும் இனம். அதன் வித்தி கால்நடைகளின் குடலிலும் எருவிட்ட மண்ணிலும் உலகெங்கும் உண்டு. தொப்புள்கொடியை வெட்டும் கத்தியில் அல்லது வெட்டிய இடத்தில் பூசும் சாம்பலில், சாணத்தில் அது இருந்தால், வாடும் தொப்புளின் காற்றற்ற சதை அதற்கு ஏற்ற இடமாகிறது. முளைத்த பற்றீரியா சுரக்கும் நஞ்சு நரம்பு வழியே ஏறி, தசைகளைத் தளரவிடும் கட்டளையைத் தடுத்துவிடுகிறது. முதல் சில நாட்கள் நன்றாகப் பால் குடித்த குழந்தை வாய் இறுகிக் குடிக்க மறுத்து, உடல் வில்லாக வளைந்து, பெரும்பாலும் இரண்டு வாரத்துக்குள் இறக்கும். தாய் மருத்துவச்சியின் கையைப் பார்த்ததும் தெய்வத்தின் கோபத்தைப் பார்த்ததும் உண்டு. பதிவேடு 'வலிப்பு' என்றோ 'பலவீனம்' என்றோ எழுதி அடுத்த பெயருக்குச் சென்றது.

1872ஆம் ஆண்டின் மருத்துவத் தேவைகள் சட்டம் தோட்ட மாவட்டங்களுக்கு வைத்தியர்களையும் வைத்தியசாலைகளையும் ஏற்படுத்த வழிசெய்தது. 1912ஆம் ஆண்டின் சட்டங்கள், தோட்டத்தில் பிரசவித்த பெண்ணுக்கு ஒரு மாதம் உணவும் இருப்பிடமும் தரவேண்டும், வேலைக்கு அழைக்கக் கூடாது என்று துரையைப் பணித்தன. 1939இல் பிரசவச் சகாயச் சட்டம் வந்தது. இவை தாயின் உழைப்பைக் கருதி எழுந்தவை. கொடியை வெட்டும் கருவியைப் பற்றி அவை பேசவில்லை. 1880இல் கோப்பி இலைக்கென ஒரு விஞ்ஞானியைக் கப்பலில் வரவழைத்த அரசு, காம்பராவில் பிறந்த குழந்தைக்கென ஒருவரையும் வரவழைக்கவில்லை என்று குற்றம் சொல்வது எளிது. ஆனால் ஏற்புவலிக்குக் காரணம் மண்ணில் இருக்கிறது என்பதை நிக்கோலையர் காட்டியதே 1884இல்தான், கிடசாட்டோ வித்தியின் வெப்பந்தாங்கும் குணத்தையே கருவியாக்கி, கலவையை 80 பாகை செல்சியசில் சூடாக்கி மற்ற எல்லாவற்றையும் கொன்று அந்தப் பற்றீரியாவைத் தனியே பிரித்தது 1889இல்தான். அறிவு இல்லாத காலத்தை மன்னிக்கலாம். நஞ்சை வலுவிழக்கச் செய்து ஆக்கிய தடுப்பூசி 1920களில் உருவான பின்னும், இலங்கையில் கருவுற்ற தாய்மாருக்கு அதை இடும் ஏற்பாடு 1969இலேயே தொடங்கியது; அது விரிவான தடுப்பூசித் திட்டத்துக்குள் வந்தது 1978இல். தாய்க்கு இட்ட ஊசியின் காப்பு கருவிலேயே குழந்தைக்குப் போய்ச் சேர்வதால், வித்தியை மண்ணிலிருந்து அகற்ற வேண்டிய அவசியமே எழவில்லை. அகற்றவும் முடியாது, அது இன்றும் அதே மண்ணில் இருக்கிறது. தென்கிழக்காசிய வட்டாரம் தாய், சிசு ஏற்புவலியை ஒழித்துவிட்டதாக உலகச் சுகாதார நிறுவனம் 2016இல் அறிவித்தது நோயைப் பற்றித்தான், வித்தியைப் பற்றி அன்று.

தேயிலைக்கு வந்த வித்தியோ மீண்டும் பழைய வகையைச் சேர்ந்தது. கோப்பியின் அழிவைக் கண்ட தலைமுறை, தேயிலைக்கும் ஒரு நாள் அப்படியொன்று வரும் என்ற அச்சத்தோடே வாழ்ந்தது. அரசின் பங்கசியலாளராக இருந்த தோமஸ் பெட்ச் தேயிலையின் நோய்களைப் பற்றி 1923இல் தனி நூலே எழுதினார். 1925இல் நிறுவப்பட்ட தேயிலை ஆராய்ச்சி நிலையத்தின் முதல் பணிப்பாளரும் அவரே. அந்நிலையம் பின்னர் தலவாக்கலையின் சென் கூம்ஸ் தோட்டத்தில் நிலைகொண்டது. அஸ்ஸாமில் 1868 முதலே அறியப்பட்டிருந்த கொப்புள நோய், அதாவது எக்ஸோபாசிடியம் வெக்சான்ஸ் என்ற பங்கசு உண்டாக்கும் நோய், ஏறத்தாழ எண்பது ஆண்டுகள் தெற்கே பரவவில்லை என்பதால், இலங்கையின் தேயிலை அதிலிருந்து தப்பிவிட்டதாகவே தோன்றியது. 1946இல் அது தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் ஏறக்குறைய ஒரே காலத்தில் தோன்றி, மலைநாடெங்கும் வேகமாகப் பரவியது.

கோப்பித் துரு முதிர்ந்த இலையைத் தாக்கியது. கொப்புள நோய் இளந்தளிரையே தாக்கும், அதாவது கூடைக்குப் போகும் கொழுந்தையே. இலைமேல் எண்ணெய்த் துளி போன்ற ஒரு புள்ளி தோன்றி, மேற்பக்கம் குழிந்து, அடிப்பக்கம் வெண்ணிறக் கொப்புளமாகப் புடைத்து, அக்கொப்புளத்தின் முகத்திலிருந்து வித்திகள் காற்றில் எறியப்படுகின்றன. ஒரு சுற்று மூன்று, நான்கு வாரங்களில் முடியும். கவ்வாத்து வெட்டிய மலைகளில், புதிதாகத் துளிர்க்கும் கொம்புகள் யாவும் ஒரே நேரத்தில் இளமையாக இருப்பதால், அங்கே சேதம் மிகுதி. மழைக்காலத்தில் கவ்வாத்து வெட்டினால் துளிர் மீள்வதே கடினமாகும். இம்முறை ஆராய்ச்சி நிலையம் கைவசம் இருந்தது, செம்பு மருந்தும் இருந்தது. வார்ட் சொன்ன விதிப்படி, வித்தி விழுமுன் தளிரின் மேல் செம்பு இருக்கவேண்டும். தளிரோ வாரந்தோறும் புதிதாக வருகிறது. ஆகவே மருந்தடிப்பும் வாரந்தோறும் வரவேண்டியதாயிற்று. முதுகில் கருவியைச் சுமந்து சரிவுகளில் ஏறி மருந்தடிக்கும் வேலை, கோப்பிக் காலத்தில் இல்லாத ஒரு நிரந்தர ஆண் வேலையாகத் தோட்டக் கணக்கில் இடம்பெற்றது.

எக்ஸோபாசிடியத்தின் வித்தி மெல்லிய சுவர் கொண்டது. நேர் வெயிலில் நெடுநேரம் தாங்காது, உலர்ந்த காற்றிலும் தாங்காது, தேயிலையைத் தவிர வேறு செடியில் வாழ்வதாகவும் தெரியவில்லை, உறங்கும் வித்தி ஒன்றை அது ஆக்குவதாகவும் எவரும் கண்டதில்லை. இந்தப் பலவீனத்தைக் கணக்கிட்டே தலவாக்கலையின் ஆய்வாளர்கள் வேலைசெய்தனர். வெயிலும் மழையும் கொப்புள நோயின்மேல் செலுத்தும் செல்வாக்கை அளந்த விஸர், சண்முகநாதன், சபாநாயகம் மூவரின் ஆய்வு 1961இல் வெளியாயிற்று: ஒரு வாரத்தில் எத்தனை மணி நேரம் வெயில் அடித்தது என்ற எளிய அளவே, வரப்போகும் கொப்புளங்களின் எண்ணிக்கையை மழையளவைவிடச் சரியாக முன்னறிவித்தது. வானிலை நிலையங்களில் ஒரு கண்ணாடிக் கோளம் சூரிய ஒளியைக் குவித்து அட்டையில் சுட்டுத் தடம் பதிக்கும் கருவி நெடுங்காலமாக உண்டு. அந்தச் சுட்ட தடத்தின் நீளத்தைப் பார்த்து, இந்த வாரம் மருந்து வேண்டுமா, வேண்டாமா என்று முடிவு செய்ய வழி பிறந்தது. நிழல் மரங்களான முள்முருங்கையின் கிளைகளை மழை தொடங்குமுன் கழித்து, செடியின் மேல் ஒளி விழச் செய்வதும் அதே கணக்கின் பகுதியே.

ஆயினும் தென்மேற்குப் பருவமழை ஹட்டன், மஸ்கெலியா, தலவாக்கலை மலைகளைச் சூழும் ஜூன், ஜூலை மாதங்களில் அட்டையில் தடம் விழாத நாட்களே அதிகம். அப்போது செம்பு தவிர வழியில்லை. ஜனவரி முதல் மார்ச் வரையான வறண்ட மாதங்களில் நோய் மறைந்துவிட்டதுபோல் தோன்றினாலும், வெயில் குறைந்த பள்ளங்களிலும், ஓடைக்கரைகளிலும், பனி நெடுநேரம் தங்கும் சரிவுகளிலும் சில கொப்புளங்கள் தொடர்ந்து இருந்து, அடுத்த மழைக்கு வித்தியை வழங்குகின்றன. அஸ்ஸாமில் குளிர்காலத்தில் கொழுந்து பறிப்பு நின்றுவிடும். இலங்கையில் நிற்பதில்லை, இடைவிடாத பறிப்பே இந்நாட்டுத் தேயிலையின் வணிக வலிமை. ஆண்டின் எந்த வாரத்தில் பார்த்தாலும் ஏதோ ஒரு மலையில் தளிர் இருக்கும், அந்தத் தளிரில் ஈரமும் இருக்கும்.